ஐவர் குடும்பத்துக்கான நிவாரண மூட்டை: எதை வைக்கலாம், எதைத் தூக்கிப் போடலாம்

குமரி மாவட்டத்தில் நிவாரண மூட்டை கட்டாத தேவாலயப் பங்கு கிடையாது, ஊர்வகை என்ற ஊர்ப் பொதுச்சபை கிடையாது, இளைஞர் மன்றமும் கிடையாது. 2004 சுனாமியில் குளச்சல், கொட்டில்பாடு, மணக்குடி. 2017 நவம்பர் கடைசியில் ஒக்கி. இடையில் பழையாறு கரை உடைத்த ஐப்பசி கார்த்திகைகள். இதோடு பழவிளை, பெருமாள்புரம், ஞாறான்விளை, கோழிவிளை என்று நான்கு இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்கள். பெருமழை வந்தால் அங்கேயும் மூட்டை போகும்.

இங்கே எடைபோடுவது இரண்டு வகை மூட்டைகளை. ஒன்று, செஞ்சிலுவையும் ஐ.நா. அகதிகள் ஆணையமும் ஐந்து பேர் குடும்பத்துக்கென்று தரம் பிரித்து வைத்திருப்பது. இன்னொன்று, அதே கணக்கைப் பார்த்து கோட்டாறிலும் மார்த்தாண்டத்திலும் மொத்தக் கடையில் நாமே வாங்கிக் கட்டுவது. அளவுகோல் ஸ்பியர் கையேடு, நிவாரண உதவியின் குறைந்தபட்ச அளவுகளைச் சொல்லும் சர்வதேசக் கையேடு. 1997-ல் தொடங்கிய முயற்சி அது. கடைசிப் பதிப்பு 2018. ஏன் தொடங்கினார்கள் என்பதற்குக் கோமா என்ற ஊரில் பதில் இருக்கிறது, அதற்குப் பிறகு வருவோம்.

தார்ப்பாயிலிருந்து தொடங்கலாம். பணம் அதிகம் போவதும் ஏமாற்று அதிகம் நடப்பதும் அதில்தான்.

செஞ்சிலுவைப் பாய் 4 மீட்டருக்கு 6 மீட்டர், அகதிகள் ஆணையத்தின் பாய் 4-க்கு 5. நம் கடைகளில் அடிக்கணக்குதான். 15-க்கு 18 அடி வாங்கினால் 25 சதுர மீட்டர் வரும், ஏறக்குறைய செஞ்சிலுவை அளவு. அட்டையில் ‘200 ஜி.எஸ்.எம்.’ என்று போட்டிருப்பதை நம்பாதீர்கள். கடைத் தராசிலேயே வையுங்கள். சதுர மீட்டருக்கு 200 கிராம் என்றால் 25 சதுர மீட்டர் பாய் 5 கிலோ நிற்க வேண்டும். இரண்டே கால் கிலோதான் நிற்கிறது என்றால் அது 90 ஜி.எஸ்.எம்., கடைக்காரர் என்ன சொன்னாலும் சரி. அந்த மெல்லிய நீலப் பாய் பந்தலுக்கு ஆகும். வெயிலில் கிடந்தால் சில மாதத்தில் நூல் நூலாக உதிரும். அடுத்த சோதனை: பாயை வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பாருங்கள். ஊசிமுனைப் பொட்டுகள் தெரிந்தால் மேற்பூச்சு சரியாக ஒட்டவில்லை, அந்த இடத்தில்தான் ஒழுகும். நல்ல பாயில் உள்நூல் கறுப்பு, இருபுறமும் பூச்சு. கறுப்பு நூல் வெயிலைத் தாங்கும். ராத்திரி உள்ளே விளக்கு எரியும்போது ஆள் நிழல் வெளியே தெரியாது. முகாமில் குடியிருக்கும் பெண்களுக்கு இரண்டாவது காரணம்தான் பெரிது.

கட்டும்போது நடக்கும் தவறுகள் இரண்டு. ஓரத்துக் கண்ணியில் கயிற்றைக் கோத்து நேராக இழுத்துக் கட்டுவது முதல் தவறு. ஆரல்வாய்மொழிக் கணவாய்க் காற்றுக்குக் கண்ணி கழன்று, அங்கிருந்து பாய் கிழிந்துகொண்டே போகும். ஓரத்துக்கு ஒரு சாண் உள்ளே கூழாங்கல்லை வைத்து, பாயோடு சேர்த்துக் குடுமிபோலப் பிடித்து, அந்தக் குடுமியின் கழுத்தில் கயிற்றைக் கட்ட வேண்டும். காற்றின் இழுப்பு ஓட்டையில் விழாமல் துணி முழுவதும் பரவும். இரண்டாவது தவறு, கணு செதுக்காத கமுகையோ மூங்கிலையோ முகட்டில் போடுவது. பாய் அதன்மேல் நாள் முழுக்க உரசி முகட்டிலேயே வெட்டுப்படும். பழைய சைக்கிள் டியூபை முகட்டுக் கம்பில் சுற்றிவிட்டால் தீர்ந்தது.

அளவையும் பார்த்துவிடலாம். 4-க்கு 6 பாயை 2 மீட்டர் உயர முகட்டில் போட்டு இரண்டு பக்கமும் தரை தொட இறக்கினால் சுமார் 18 சதுர மீட்டர் தரை கிடைக்கும். மழைத்தண்ணீர் உள்ளே வராமலிருக்க ஓரத்தை 15 சென்டிமீட்டர் மண்ணில் புதைத்தால் 16 ஆகிவிடும். ஸ்பியர் சொல்வது ஆளுக்குக் குறைந்தது 3.5 சதுர மீட்டர், அடுப்படி சேர்க்காமல். ஐந்து பேருக்கு 17.5. ஆக ஒரு பாய் போதாது. முன்னும் பின்னும் அடைக்கவும் பாய் வேண்டும். இரண்டு பாய், 30 மீட்டர் நைலான் கயிறு, இது சேர்ந்தால்தான் ஒரு வீடு. ஒரு பாயை மட்டும் மடித்து வைத்து ‘தங்குமிடப் பொருள்’ என்று கணக்கெழுதும் மூட்டைக்குப் பத்துக்கு நாலு மதிப்பெண் போடலாம்.

அந்த 17.5 என்ற எண்ணைக் கொஞ்சம் பிடித்துக்கொள்ளுங்கள். தமிழ்நாட்டு முகாம்களில் முப்பது நாற்பது வருஷமாகக் குடும்பங்கள் இருந்த பழைய வீடு பத்துக்குப் பத்தடி. அது 9.3 சதுர மீட்டர். ஐந்து பேர் என்றால் ஆளுக்கு 1.86. நெருக்கடி நேரத்தில் கூடாரத்துக்குச் சொல்லும் குறைந்தபட்சத்தில் பாதிக்குக் கொஞ்சம்தான் கூட. 1983-ல் தொடங்கி 1990, 1996, 2006 என்று அலை அலையாக வந்தவர்களுக்குத் ‘தற்காலிகம்’ என்று கட்டியது, பேரப்பிள்ளை பிறக்கும்வரை நின்றது. 2021 ஆகஸ்டில் சட்டமன்றத்தில் அறிவித்த 317 கோடி ரூபாய்த் திட்டத்தில்தான் பழுதான 7,469 வீடுகளை இடித்துக் கட்டுவது என்று முடிவாயிற்று; ‘அகதிகள் முகாம்’ என்ற பெயரும் அப்போதுதான் ‘மறுவாழ்வு முகாம்’ ஆயிற்று. புதிய வீடு சுமார் 300 சதுர அடி, 28 சதுர மீட்டர் பக்கம். மூட்டை கட்டுபவர்கள் இதிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது ஒன்றுதான்: ஆறு மாதத்துக்கென்று கொடுக்கும் பொருள் ஆறு மாதத்தில் முடிவதில்லை.

கூடாரத்தைப் பற்றி நீட்ட ஒன்றுமில்லை. அகதிகள் ஆணையத்தின் குடும்பக் கூடாரத்தில் நடு அறை 16 சதுர மீட்டர், முன்பின் தாழ்வாரம் சேர்த்து 23. வறண்ட நாட்டுக்கு நல்ல பொருள். ஆனி ஆடியில் ஒரு மழை, ஐப்பசியில் இன்னொரு மழை என்று இரண்டு பருவமும் பெய்யும் குமரியில் பருத்தி கலந்த துணி பூசணம் பிடித்து மடிப்பில் இற்றுப் போகும். நமக்கு வேண்டாம். ஸ்வீடன்காரர்கள் செய்த தட்டியாகக் கழற்றி மாட்டும் வீடு ஒன்று இருக்கிறது, தரை சரியாக 17.5 சதுர மீட்டர், லண்டனில் 2016-க்கான வடிவமைப்பு விருதுகூட வாங்கியது. விலையும் கப்பல் கூலியும் சேர்த்துப் பார்த்தால், அந்தப் பணத்துக்கு இங்கே கொத்தனார் சுவரே எழுப்பிவிடுவார்.

தண்ணீர்ப் பாத்திரத்தில் சர்வதேச மூட்டை வைப்பது மடக்கும் பத்து லிட்டர் கேன்கள் இரண்டு. லாரியில் இடம் மிச்சம், அதனால்தான் அவர்களுக்குப் பிடிக்கும். மடிப்பும் கைப்பிடியும் சேரும் மூலையில் விரிசல் விட்டுச் சில மாதத்தில் சொட்டத் தொடங்கும். ஒட்டுப் போட்டாலும் நிற்காது. அதோடு நம் பெண்கள் தண்ணீரைக் கையில் தொங்கவிட்டுச் சுமப்பதில்லை, இடுப்பில் வைப்பார்கள். இடுப்புக்குக் குடம்தான். கடையில் கிடைக்கும் கனமான பிளாஸ்டிக் குடம் இரண்டு, மூடியும் திருகுக் குழாயும் உள்ள 14 அல்லது 20 லிட்டர் வாளி ஒன்று. குடத்தின் குறுகிய கழுத்துக்குள் குழந்தையின் கை போகாது. மேற்கு நாட்டு நிபுணர்கள் ‘கை நுழையாத வாய்’ என்று எழுதி வைத்திருக்கும் பாத்திரத்தைத்தான் நம் குயவர்கள் எப்போதிருந்தோ செய்துவருகிறார்கள்.

ஆளுக்கு ஒரு நாளைக்குக் குறைந்தது 15 லிட்டர். ஐந்து பேருக்கு 75. அதாவது நாளைக்குக் குடம் ஆறு ஏழு நடை. 250 பேருக்கு ஒரு குழாய், வீட்டிலிருந்து 500 மீட்டருக்குள், வரிசை அரை மணிக்குமேல் போகக் கூடாது என்பது கையேட்டின் கணக்கு. குழாய் எண்ணிக்கை சரியாக இருந்து, தண்ணீர் ஒரு மணி நேரம்தான் வருகிறது என்றால் கணக்கு எல்லாம் காகிதம்.

குளோரின் மாத்திரை வைப்பவர்கள் 67 மில்லிகிராம் மாத்திரையை வாங்குங்கள், 20 லிட்டருக்கு ஒன்று. போட்டு அரை மணி நேரம் மூடி வைத்துப் பிறகு குடிக்க வேண்டும். தண்ணீர் கலங்கலாக இருந்தால் முதலில் வெள்ளைத் துணியை நாலாக மடித்து வடிகட்டி, அதற்கப்புறம் இரண்டு மாத்திரை. மாத்திரைக்குப் பதில் பிளீச்சிங் பவுடர் என்றால்: 33 சதவீதம் குளோரின் உள்ள தூள் 30 கிராமை ஒரு லிட்டரில் கரைத்து, தெளிய விட்டு, தெளிந்த நீரில் 4 மில்லி எடுத்து 20 லிட்டர் வாளியில் ஊற்றினால் போதும். திறந்த பாக்கெட் கடற்காற்றில் சில வாரத்திலேயே வீரியம் இழந்துவிடும், கட்டி தட்டினால் எறிந்துவிடுங்கள். எங்கேயும் நடக்கும் விபத்து ஒன்று: காய்ச்சல் மாத்திரைபோலவே அலுமினிய அட்டையில் இருப்பதால் யாராவது வாயில் போட்டு விழுங்குவார்கள். தமிழில் பெரிய எழுத்தில் ‘விழுங்கக் கூடாது’ என்று தாள் ஒட்டாமல் அதை மூட்டையில் வைக்கவே கூடாது. மருந்து வாடை அடிக்கிறது என்று கொட்டிவிடுவதும் உண்டு. வாளியிலிருந்து குடத்துக்கு மாற்றி மாற்றி ஊற்றினால் வாடை குறையும்.

சமையல் பாத்திரங்களில்தான் அந்நியத்தனம் கண்ணில் அடிக்கிறது. 7 லிட்டர் பானை ஒன்று, 5 லிட்டர் ஒன்று, வறுசட்டி ஒன்று, தட்டு ஐந்து, கிண்ணம் ஐந்து, தம்ளர் ஐந்து, கரண்டி, ஒரு கத்தி. எவர்சில்வர் தரம் நன்றாகவே இருக்கும். ஆனால் கஞ்சி வடிக்க வடிதட்டு இல்லை. தேங்காய்த் துருவி இல்லை. யாழ்ப்பாணத்துக்காரரும் குமரிக்காரரும் பேச்சில், கும்பிடும் சாமியில், வைக்கும் மீன்குழம்பில்கூட வேறுபடலாம். தேங்காய் துருவாமல் அடுப்பு மூட்டாதவர்கள் இருவரும். ‘திருவலை’ என்று அவர்கள் சொல்வது நம் துருவிதான். புட்டுக்குழல் ஒன்றும் இடியாப்ப உரல் ஒன்றும் வைத்தால் பாத்திரச் செலவு பெரிதாக ஏறாது. மாவு கொடுத்தாலும் சாப்பாடாக மாறும். கோதுமை மாவை மட்டும் கொடுத்துவிட்டு ‘மக்கள் விற்றுவிடுகிறார்கள்’ என்று அறிக்கை எழுதுவதை நிறுத்தலாம். விற்றது பேராசையால் இல்லை, அரிசி வாங்க.

சோப்பு: ஆளுக்கு மாதம் குளிக்க 250 கிராம், துவைக்க 200. ஐந்து பேருக்கு இரண்டே கால் கிலோ. நம் மூட்டைகளில் இரண்டு சின்னக் கட்டிதான் இருக்கும். மாதவிடாய்த் துணியோ நாப்கினோ, அதைத் துவைக்க மூடியுள்ள சின்ன வாளி, உலர்த்தக் கயிறும் கிளிப்பும் சேர்த்து ஒரே பையில், வெளியே தெரியாத பையில். சூரிய விளக்கு ஒன்று கட்டாயம். பொதுக் கழிப்பறைக்கு இருட்டில் போகும் தூரத்தை யோசித்தாலே விளங்கும். கொசுவலை இரண்டு. பழைய துணி வேண்டவே வேண்டாம். சுனாமி நேரத்தில் தமிழகக் கடற்கரைச் சாலையோரங்களில் குவிந்து கிடந்து மழையில் மக்கிய துணிமலைகளைப் பார்த்தவர்களுக்குக் காரணம் சொல்ல வேண்டியதில்லை.

இனி அரிசி. மூட்டையில் மிக எளிதாக வாங்கலாம், மிக ஆபத்தான பொருளும் அதுதான்.

ஆளுக்கு நாளைக்கு 2,100 கலோரி என்பது கணக்கு. தானியம் 400 கிராம், பருப்பு 60, எண்ணெய் 25, சத்துமாவு 50, சர்க்கரை 15, உப்பு 5 என்று கொடுத்தால் அந்தப் பக்கம் வரும். ஐந்து பேருக்கு ஒரு மாதத்துக்கு அரிசி மட்டும் 60 கிலோ. இதை ஒரே நாளில் கொடுத்தால் தூக்கிப்போக ஆள் இல்லாத வீடுகள் வாசலிலேயே பாதியை விற்றுவிட்டுப் போகும். பதினைந்து நாளுக்கு ஒருதடவை 30 கிலோ, அதுவும் இரண்டு சாக்காக. சாக்கு முக்கியம். காலிச் சாக்கைக் கணக்கில் எடுக்காத மூட்டைக்காரர்களுக்கு ஒரு செய்தி: 2009-ல் முள்ளிவாய்க்காலில் மண் நிரப்ப சாக்கு கிடைக்காமல் பட்டுச் சேலைகளைத் தைத்து மண்மூட்டையாக்கி பதுங்குகுழி வாயில் அடுக்கினார்கள். கூறைச்சேலைகளும் அதில் உண்டு.

அரிசி ஏன் ஆபத்து? அது எங்கேயும் செல்லும் காசு. எடை உண்டு, லாரி வேண்டும், லாரிக்குப் பாதை வேண்டும். பாதையில் துப்பாக்கி வைத்திருப்பவன் சுங்கம் கேட்பான். நேராகக் கேட்காவிட்டாலும், ‘விநியோகத்தை எங்கள் ஆளிடம் விடுங்கள்’ என்பான். 1994 ஜூலையில் ருவாண்டாவிலிருந்து லட்சக்கணக்கானவர்கள் எல்லை தாண்டி அப்போதைய ஜயரின் (இன்றைய காங்கோ) கோமாவுக்கு வந்தார்கள். முதல் மாதத்தில் காலராவும் சீதபேதியும் சுமார் 50,000 பேரைக் கொன்றன. அது தண்ணீர், கழிப்பறைத் தோல்வி. ஸ்பியர் பிறந்ததற்கு ஒரு முக்கியக் காரணம் அதுதான். ஆனால் மூட்டை கட்டுபவர்கள் பார்க்க வேண்டியது அதற்கடுத்து நடந்ததை. உணவு முகாம் தலைவர்கள் வழியாகப் பிரிக்கப்பட்டது. அந்தத் தலைவர்களில் பலர், சில வாரம் முன்பு ருவாண்டாவில் துத்சி இனத்தவரின் படுகொலையை நடத்திய அதே அதிகாரிகளும் குண்டர்படைக்காரர்களும். இல்லாத குடும்பங்களையும் பட்டியலில் சேர்த்து, மிஞ்சிய அரிசியை விற்றுத் தங்கள் படையை வளர்த்தார்கள். எதிர்த்தவர்களுக்குப் பங்கு இல்லை. எல்லையற்ற மருத்துவர்கள் அமைப்பின் பிரெஞ்சுப் பிரிவு 1994 நவம்பரில் வெளியேறியது. மற்ற பல அமைப்புகள் தங்கின. வெளியேறினால் குழந்தைகள் சாவார்கள், தங்கினால் கொலைகாரர்கள் கொழுப்பார்கள் என்ற விவாதம் அன்று முதல் ஓயவில்லை.

எங்கள் கணிப்பு இதுதான்: அந்த விவாதத்தில் ‘போகலாமா, இருக்கலாமா’ என்பதைவிடப் பெரிய கேள்வி ‘பட்டியல் யார் கையில்’ என்பது. மூட்டையின் உள்ளே இருக்கும் எந்தப் பொருளையும்விட, அதை வாங்க நீட்டும் டோக்கன்தான் தரம் பார்க்க வேண்டிய முதல் பொருள்.

கோமாவில் பட்டியல் ஊதியது. இலங்கையின் வன்னியில் அதைச் சுருக்கினார்கள். 2008 செப்டம்பரில் ஐ.நா.வும் தொண்டு நிறுவனங்களும் வன்னியை விட்டு வெளியேற வேண்டும் என்று இலங்கை அரசு சொன்னது. கிளிநொச்சியில் ‘போகாதீர்கள்’ என்று வாசலில் நின்று கேட்ட மக்களை விட்டுவிட்டு வண்டிகள் கிளம்பின. அனைத்துலகச் செஞ்சிலுவைச் சங்கம் மட்டும் தங்கி, 2009 பிப்ரவரி முதல் மே வரை புதுமாத்தளன் கரையிலிருந்து காயப்பட்டவர்களைக் கப்பலில் திருகோணமலைப் பக்கம் கொண்டுபோனது. உள்ளே இருப்பவர்கள் 70,000 பேர்தான் என்று அரசு சொல்லிக்கொண்டிருந்தது. உணவும் மருந்தும் அந்தக் கணக்குக்குத்தான் அனுமதி. போர் முடிந்து செட்டிகுளம் மெனிக் பார்ம் முதலிய முட்கம்பி முகாம்களுக்குள் வந்து சேர்ந்தவர்கள் ஏறக்குறைய 2.8 லட்சம். கழித்துப் பாருங்கள். ஒரு எண்ணை மாற்றினால் எத்தனை பானை அடுப்பில் ஏறாமல் போகும் என்பதற்கு இதைவிடக் கணக்கு வேண்டாம். 2012 நவம்பரில் வெளியான ஐ.நா.வின் சொந்த உள்விசாரணை, சார்லஸ் பெட்ரி தலைமையில் நடந்தது, அமைப்பு தன் கடமையில் தவறியது என்று எழுதியது. தெரிந்திருந்த சாவுக் கணக்கை உரக்கச் சொல்லத் தயங்கினார்கள் என்பது அதன் சாரம்.

மெனிக் பார்முக்குப் போன மூட்டையில் குறை அதிகம் சொல்ல முடியாது. வெள்ளைத் தார்ப்பாய், பாத்திரம், வாளி எல்லாம் தரமானவை. ஆனால் வாங்கியவர் கம்பிவேலிக்கு வெளியே போக முடியாது. 2009 டிசம்பரில்தான் போய்வர வழி திறந்தது. முகாம் மூடியது 2012 செப்டம்பரில். வேலிக்குள் கூடாரம் அடித்துக் கொடுப்பது உதவியா, சிறைக்குச் சுவர் எழுப்புவதா என்று அமைப்புகளுக்குள்ளேயே சண்டை நடந்தது. இரண்டு பக்கத்திலும் நியாயம் இருந்தது என்று சொல்லி நழுவ விருப்பமில்லை. கூடாரம் கொடுத்தது சரி. வேலியைப் பற்றி முதல் வாரத்திலேயே எழுத்தில் நிபந்தனை வைக்காதது தவறு.

சுனாமிப் பணத்திலும் இதே சிக்கல்தான். இலங்கையின் வடகிழக்கில் உதவியைப் பிரிக்க அரசும் புலிகளும் சேர்ந்து ஒரு பொதுக்கட்டமைப்பு என்று 2005 ஜூன் 24-ல் கையெழுத்திட்டார்கள். மூன்று வாரத்தில் உச்ச நீதிமன்றம் முக்கியப் பிரிவுகளுக்குத் தடை போட்டது. அரிசி, பாய், படகு எல்லாம் தயாராக இருந்தன. யார் பிரிப்பது என்பதில் கவிழ்ந்தது. நம் பக்கத்தில் துப்பாக்கி இல்லை, ஆனால் பட்டியல் இருந்தது: போட்டோவுக்கு நன்றாக இருக்கிறதென்று பைபர் வள்ளங்களை அள்ளிக் கொடுத்ததில், சுனாமிக்கு முன்பு இருந்ததைவிட வள்ளம் கூடிய கரைகள் உண்டு. கருவாடு விற்ற பெண்ணின் கூடையும் தராசும் எந்தப் பட்டியலிலும் ஏறவில்லை. கூடை போட்டோவில் எடுபடாது.

மூட்டையில் பெயர் அச்சடிப்பது பற்றியும் ஒரு வார்த்தை. போர்க்களத்தில் செஞ்சிலுவைச் சின்னத்துக்கு ஜெனீவா ஒப்பந்தத்தின் பாதுகாப்பு உண்டு. மற்ற தொண்டு நிறுவனங்களின் சின்னம் வெறும் விளம்பரம். விளம்பரம் உள்ளூர் ஊழியரின் முதுகில் இலக்காகவும் மாறும். 2006 ஆகஸ்டில் இலங்கையின் மூதூரில் ஒரு பிரெஞ்சுத் தொண்டு அமைப்பின் ஊழியர்கள் 17 பேரை, பெரும்பாலோரை அவர்கள் அலுவலக வளாகத்திலேயே, சுட்டுக் கொன்றார்கள். பதினேழு பேரும் உள்ளூர்க்காரர்கள். அமைப்புச் சட்டை போட்டிருந்தார்கள். நமக்கு அந்த ஆபத்து இல்லை. ஆனால் தலைவர் படமோ சபையின் பெயரோ ஒட்டிய குடத்தைத் தினமும் இடுப்பில் வைத்துக்கொண்டு தெருவில் நடக்க வேண்டிய பெண்ணை நினைத்துப் பாருங்கள். ஸ்டிக்கர் வேண்டாம்.

நம் முகாம்களில் பட்டியல் எப்படி நடக்கிறது? இந்தியா 1951 அகதிகள் உடன்படிக்கையில் கையெழுத்திடாத நாடு. எனவே முகாம் நிர்வாகம் வருவாய்த் துறையிடமும் காவல்துறையின் உளவுப் பிரிவான கியூ பிரிவிடமும். ‘செக்கிங்’ என்று முகாமில் சொல்லும் ஆள்கணக்கெடுப்பில் இருந்தால் பெயர் நிற்கும், பணக்கொடை வரும். வெளியூர் வேலைக்குப் போய்த் தவறினால் சிக்கல். 2021-ல் உயர்த்திய கணக்கின்படி குடும்பத் தலைவருக்கு மாதம் 1,500, மற்ற பெரியவர்களுக்கு 1,000, குழந்தைகளுக்கு 500. கணவன், மனைவி, மூன்று சின்னப் பிள்ளைகள் என்றால் 4,000 ரூபாய். இதன் நல்ல பக்கத்தைச் சொல்லியாக வேண்டும்: கையில் காசு என்பதால் அவரவர் வீட்டுக்கு எது வேண்டுமோ அதை வாங்க முடிகிறது. பாத்திரக் கட்டைவிட இது மேல். பலவீனம், அந்த நாலாயிரமும் ஒரே நோட்டுப் புத்தகத்தின் ஒரு வரியில் தொங்குகிறது. பெயின்ட் வேலைக்கோ கட்டட வேலைக்கோ போனால்தான் பிழைப்பு, போனால் செக்கிங்கில் நிற்க முடியாது.

இப்போதும் முகாமுக்கு மூட்டை கொடுக்கப் போகிறவர்களுக்குச் சில நடைமுறைகள். முகாமுக்குள் நுழைவதற்கே அதிகாரிகளின் அனுமதி வேண்டும். சாமானை லாரியில் ஏற்றிவிட்டு அனுமதி கேட்காதீர்கள். பட்டியலை அலுவலகத்தில் ஒன்று, முகாமின் பெண்கள் குழுவிடம் ஒன்று என்று தனித்தனியாக வாங்குங்கள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் வித்தியாசம் வரும். வித்தியாசமாக வரும் பெயர்கள்தான் உங்கள் வேலை: கல்யாணமாகித் தனிக்குடித்தனம் போயும் அட்டை பிரிக்காத பெண், ஒரே அட்டையில் இரண்டு அடுப்பு, ஒன்பது பேர் உள்ள வீடு, தனியாக இருக்கும் கிழவர். பானை, பாய், விளக்கு இவை அடுப்புக் கணக்கு. அரிசி, சோப்பு, கொசுவலை இவை தலைக்கணக்கு. எல்லாவற்றையும் ‘குடும்பத்துக்கு ஒன்று’ என்று கட்டினால் ஒன்பது பேர் வீடு பட்டினி, இரண்டு பேர் வீட்டில் மிச்சம்.

சரிபார்த்த பட்டியலை முந்தின நாளே சுவரில் ஒட்டுங்கள், ஒருவர் உரக்க வாசிக்கட்டும். வாசிக்கும்போதுதான் ‘அவர் செத்து ரெண்டு வருஷமாச்சே’ என்று குரல் வரும். டோக்கன் முந்தின நாள் மாலை, பெண்ணின் பெயரில். கொடுக்கும் நாள் காலை ஏழு மணிக்குத் தொடங்கி வெயில் ஏறுமுன் முடித்துவிடுங்கள். வேலைக்குப் போகிறவர்கள் நாள் கூலியை விட்டு நிற்க வேண்டாம். நடமாட முடியாதவர்கள் வீட்டுக்கு நீங்கள் கொண்டு போங்கள். மேசையில் ஒரு தராசு, எந்தச் சாக்கையும் எடை பார்க்க யார் வேண்டுமானாலும் கேட்கலாம். குறை எழுத ஒரு நோட்டு, அது கொடுப்பவரின் மேசையில் இருக்கக் கூடாது, வேறொருவர் கையில்.

ஈழ அகதிகளே 1984-ல் தொடங்கி நடத்திவரும் ஈழ ஏதிலியர் மறுவாழ்வுக் கழகம் போன்ற அமைப்பு இருக்கும் இடத்தில் அவர்களிடம் கேட்டுவிட்டுக் கட்டுங்கள். எந்த வீட்டில் என்ன இல்லை என்பது நம் மொத்தக் கடைக்காரருக்குத் தெரியாது.

மொத்த மதிப்பெண்: சர்வதேச மூட்டைக்குத் தரத்தில் எட்டு, நம் அடுப்புக்குப் பொருத்தத்தில் நாலு. கோட்டாறில் மேலே சொன்னபடி தராசில் வைத்துக் கட்டிய மூட்டைக்கு ஏழரை. காசாகவே கொடுக்க முடிந்தால், பக்கத்தில் சந்தை ஓடிக்கொண்டிருந்தால், மூட்டையே வேண்டாம். கொசுவலை, விளக்கு, நல்ல பாய் இந்த மூன்றை மட்டும் பொருளாகக் கொடுங்கள், அவை அவசரத்தில் கடையில் தரமாகக் கிடைக்காது.

ஆர்டர் போடும்போது நூறு குடும்பம் என்றால் நூற்றுப் பத்து மூட்டை சொல்லுங்கள். பட்டியலின் கடைசித் தாளில் பத்து வரியை வெறுமையாக விடுங்கள். முந்தின ராத்திரி பிள்ளையோடு வந்து உறவுக்காரர் திண்ணையில் படுத்தவர்கள் எந்தப் பட்டியலிலும் இருக்க மாட்டார்கள். காலையில் வரிசையின் கடைசியில் டோக்கன் இல்லாமல் நிற்பார்கள்.